தோணிக்காரரின் தமிழ்க் குரல்

நிற்றா: அந்தச் சேர்ட் கொலரை ஒருக்கா விடுங்கோ. றெயில் ஏறினதிலையிருந்து இழுத்துக்கொண்டு இருக்கிறீங்கள்.

சில்வெஸ்டர்: இறுக்குது.

நிற்றா: இறுக்கேல்லை. பதட்டம்.

சில்வெஸ்டர்: எனக்கென்ன பதட்டம். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், மனிசனும் மனிசியும் படம் பாக்கப் போறம். அவ்வளவுதான்.

நிற்றா: படம் பாக்கிறதுக்கோ கலியாணக் கோட்டு?

சில்வெஸ்டர்: நீர்தானே எடுத்து வைச்சீர்.

நிற்றா: நான் எடுத்து வைச்சது சாம்பல் கோட்டு. நீங்கள் குளிச்சிட்டு வந்து மாத்தினனீங்கள். அதையும் பாத்துக்கொண்டுதான் நிண்டனான்.

சில்வெஸ்டர்: மெல்லக் கதையும். முன்சீற்றிலை இருக்கிற மனிசி பாக்கிறா.

நிற்றா: பாக்கட்டும். அவவுக்கும் தெரியட்டுமே, ஜப்பான் நடிகர் ஒருத்தரின்ரை தமிழ்க் குரல் றுசல்சைமிலை இருந்து பிராங்பேர்ட்டுக்குப் போகுது எண்டு.

சில்வெஸ்டர்: அது எப்பத்தையான் கதை.

நிற்றா: எப்பத்தையான் எண்டாலும் கதை கதைதானே. கொழும்பு ரெலிவிசனிலை ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் போன ஜப்பான் தொடரிலை அந்தத் தோணிக்கார அப்பா வாயைத் திறந்தால் வந்தது ஆரின்ரை குரல்? உங்கடை குரல். இண்டைக்கு அந்த மனிசனே நேரிலை வாறார். கையைக் குடுத்து ஒரு சொல்லுச் சொல்லாமல் வரப்போறீங்களோ?

சில்வெஸ்டர்: என்னத்தைச் சொல்லுறது.

நிற்றா: 'நில்லு பிள்ளை, வாறன்' எண்டு சொல்லுங்கோ.

சில்வெஸ்டர்: ம்... அதைச் சொன்னதுக்கு வாங்கின பேச்சு இன்னும் காதுக்கை கிடக்கு.

நிற்றா: அந்தக் கதையைச் சொல்லுங்கோ.

சில்வெஸ்டர்: நூறு தரம் கேட்டிட்டீர்.

நிற்றா: நூற்றியோராவது தரம் சொன்னால் தேய்ஞ்சே போகும்? எனக்கு இண்டைக்கு உங்கடை வாயாலை கேக்க விருப்பம்.

சில்வெஸ்டர்: தொண்டை ஏலாமல் கிடக்கு, நிற்றா.

நிற்றா: அதுதானோ காலமைப் பூசையிலை வாசகத்தை றெஜினோல்ட் அண்ணையிட்டைத் தள்ளி விட்டனீங்கள்? பாவம், அந்தாள் பவுலடியாரின்ரை கடிதத்தை வாசிச்சே கொலை செய்து போட்டுது.

சில்வெஸ்டர்: கரகரப்பு. நாளைக்கு ஆஸ்பத்திரியிலை ரெர்மின் இருக்குத்தானே. அந்தச் சின்னக் கட்டியை எடுத்துவிட்டால் சரி. ரெண்டு கிழமை கதைக்கக் கூடாதாம். பேந்து பழையபடி.

நிற்றா: பழையபடியோ?

சில்வெஸ்டர்: பழையபடிதான். ஏன், என்னை அப்பிடிப் பாக்கிறீர்?

நிற்றா: மூக்காலை மூச்சு எடுத்தீங்கள்.

சில்வெஸ்டர்: எடுத்தால்?

நிற்றா: ஒண்டுமில்லை. கதையைச் சொல்லுங்கோ.

சில்வெஸ்டர்: ...எழுதித் தந்த வசனம் மேடைத் தமிழிலை கிடந்தது. 'சற்றுப் பொறு மகளே, இதோ வந்துவிட்டேன்.' அந்த மனிசன் அக்கரையிலை இருந்து தோணியைத் தள்ளிக்கொண்டு வாறார். இக்கரையிலை பள்ளிக்கூடம் விட்டு நிக்கிற மகளைப் பாத்துக் கத்துறார். வாய் அசையிறது இவ்வளவுதான், ஒரு சின்ன அசைவு. நான் வசனத்தைப் பாக்கேல்லை, அவரின்ரை வாயைத்தான் பாத்தனான். பாத்துக்கொண்டு நிக்க வந்திட்டுது. 'நில்லு பிள்ளை, வாறன்.'

நிற்றா: தயாரிப்பாளர் குதிச்சிருப்பார்.

சில்வெஸ்டர்: ஜப்பான்காரன் எப்ப யாழ்ப்பாணம் வந்து தமிழ் படிச்சவன் எண்டு கேட்டார். ஒரு மைக், சுத்தி நாலு பேர். மற்ற மூண்டு பேரும் சிரிப்பை அடக்க ஏலாமல் நிக்கினம். திருப்பிப் பதிய நேரமில்லை, அப்பிடியே போட்டுது. அடுத்த கிழமை பாத்தால் சனம் கடையிலை, பஸ்ஸிலை எல்லாம் அதையே சொல்லித் திரியுது.

நிற்றா: அண்டைக்கு ஜப்பான்காரனை எங்கடை ஆளாக்கினீங்கள்.

சில்வெஸ்டர்: அவர் ஏற்கெனவே எங்கடை ஆள்தான். டிக்கெட்டோடை தந்த அந்த விளம்பரத் துண்டை எடும், அவரைப் பற்றி என்ன போட்டிருக்கினம் எண்டு வாசியும்.

நிற்றா: பொறுங்கோ... ஜேர்மன்லை நெருக்கி எழுதிக் கிடக்கு. ஹிசாவோ குரோத்தானி. துறைமுகப் பட்டினம் ஒண்டிலை சவரக்கடைக்காரர் ஒருத்தரின்ரை மகன். வாள்ச்சண்டைப் படங்களிலை வெட்டுப்பட்டு விழுகிற ஆளாய்த் தொடங்கினவராம்.

சில்வெஸ்டர்: கன வருசம் அதுதான் வேலை. ஒரு வசனமும் இல்லை. கதாநாயகன் வெட்டுவான், இவர் விழுவார். போய் உடுப்பை மாத்திக்கொண்டு வந்து வேறை ஆளாய் நிண்டு திருப்பி விழுவார்.

நிற்றா: எங்கடை அகதி அசூல் கேஸ் மாதிரி. விழ விழ எழும்பிப் போய் நிண்டது.

சில்வெஸ்டர்: பகிடி பண்ணாதையும். அந்த விழுகையைப் பாத்துத்தான் ஒரு டிரெக்ரர் கூப்பிட்டவர். மற்றவை கையை விரிச்சுக் கத்திக்கொண்டு விழுவினம். இவர் விழமுந்தி கதாநாயகனை ஒருக்காப் பாப்பாராம், ஏன்ராப்பா வெட்டினனீ எண்டு கேக்கிற மாதிரி. சனம் கதாநாயகனை விட்டிட்டு இவரைப் பாக்கத் தொடங்கீற்றுது.

நிற்றா: பேந்து வில்லன் எண்டு போட்டிருக்கு. பேந்து குடி. பேந்து மனிசி விட்டிட்டுப் போனது... இதெல்லாத்தையும் ஏன் எழுதுறாங்கள்?

சில்வெஸ்டர்: பெரிய நடிகர்மார் ரெலிவிசனுக்குப் போனால் மரியாதை இல்லை எண்டு நிண்ட காலம். இவரிட்டை வேறை ஒண்டும் இல்லை, போனார். தோணிக்கார அப்பாவாய். அதிலைதான் ஜப்பான் முழுக்க அவரை வீட்டு ஆளாய் எடுத்தது.

நிற்றா: ஓமோம். அந்தத் தோணி கவிழ்ந்து மகள் சாகிற இடத்திலை நான் எவ்வளவு அழுதனான்.

சில்வெஸ்டர்: மகள் எங்கை செத்தது? செத்தது தோணிக்காரரின்ரை மனிசி. காய்ச்சலிலை.

நிற்றா: ஓ... மனிசி. ஓம், மனிசிதான். கன காலம் தானே.

சில்வெஸ்டர்: உப்பிடித்தான் போன நத்தாருக்கும் அவர் கண்ணாடி போட்டவர் எண்டு நிண்டனீர். கண்ணாடி போட்டது வாத்தியார்.

நிற்றா: பிள்ளை பெத்த பிறகு என்ரை ஞாபகம் போட்டுது. என்னைக் குறுக்கு விசாரணை செய்யாமல் உங்கடை கதையைச் சொல்லுங்கோ.

சில்வெஸ்டர்: என்ரை கதை என்ன. கடைசிப் பாகங்கள் நான் பேசேல்லை. எண்பத்திமூண்டு ஆடிக் கலவரத்தோடை கொழும்பை விட்டிட்டன். ஆரோ பேசி முடிச்சவை. ஆனால் அந்த மனிசன் எங்கை மூச்செடுப்பார் எண்டு இண்டைக்கும் என்னாலை சொல்ல ஏலும். பொய் சொல்லுற இடம் வந்தால் முந்தி மூக்காலை ஒரு மூச்சு எடுப்பார். மனிசிக்குச் சுகம் வந்திடும் எண்டு மகளுக்குச் சொல்லுற இடம்... அதுக்கு முந்தி அந்த மூச்சு. நானும் எடுத்தால்தான் வசனம் பொருந்தும்.

நிற்றா: எடுத்து எடுத்துப் பழகிட்டீங்கள்.

சில்வெஸ்டர்: என்ன?

நிற்றா: இஞ்சை இன்னும் கிடக்கு. ஐஞ்சு வருசத்துக்கு முந்தி தொண்டையிலை புற்றுநோய். குரல்வளையை முழுசா எடுத்திட்டினம்.

சில்வெஸ்டர்: ...ஓம்.

நிற்றா: அதோடை ஆள் முடிஞ்சுது எண்டுதான் எல்லாரும் நினைச்சதாம். படக்கொம்பனி, நீங்கள் வாயை மட்டும் அசையுங்கோ, வேறை ஆளை வைச்சுக் குரல் போடுறம் எண்டு கேட்டிருக்கு. மாட்டன் எண்டிட்டார். இன்னொருத்தரின்ரை குரல் வேண்டாமாம்.

சில்வெஸ்டர்: அதைத்தான் காலமை வாசிச்சனான். அந்த மனிசன் இன்னொருத்தன்ரை குரலே வேண்டாமெண்டவர். அவருக்கு முன்னாலை போய், ஐயா நான்தான் உங்கடை வாயிலை இருந்து கதைச்ச ஆள் எண்டு நிக்கிறதோ? வெக்கம் கெட்ட வேலை. படத்தைப் பாத்திட்டுத் திரும்புவம்.

நிற்றா: சரி. உங்கடை விருப்பம்.

சில்வெஸ்டர்: கோவமோ?

நிற்றா: இல்லையப்பா. ஏர்போட் வந்திட்டுது, உங்கடை வேலையிடம். இறங்கிப் பெட்டி ஏத்தப் போறீங்களோ?

சில்வெஸ்டர்: கலியாணக் கோட்டோடையோ... நிற்றா, நீர் கட்டினது என்ரை குரலைத்தானே?

நிற்றா: ஏன் இப்ப அந்தக் கதை?

சில்வெஸ்டர்: அகதியள் இருந்த அசூல் ஹைமிலை முதல் முதல் வந்து நீர் கேட்டதே, 'நீங்கள்தானே அந்தத் தோணிக்காரரின்ரை குரல்' எண்டு. கலியாண வீட்டிலை எல்லாருக்கும் முன்னாலை சொன்னனீர், நான் ஆளைக் கட்டேல்லை, குரலைக் கட்டினனான் எண்டு.

நிற்றா: அது பகிடி.

சில்வெஸ்டர்: பகிடிக்குள்ளை உண்மை இல்லாமலே?

நிற்றா: ...கொலரை விடுங்கோ. கிழியப் போகுது.

*

நிற்றா: ஏன் கண்ணைத் துடைக்கிறீங்கள்? படம் முடிஞ்சுது, விளக்கும் போட்டாச்சு.

சில்வெஸ்டர்: தூசி.

நிற்றா: ஓம், ஜேர்மன் தியேட்டரிலை தூசி. எனக்கெண்டால் பாதிப் படம் போன பிறகுதான் விளங்கினது, படத்திலை அவர் நடிச்ச அந்தச் சவரக்கடைக்காரர் ஒரு சொல்லும் பேசேல்லை எண்டு. வாறவை எல்லாம் கதிரையிலை இருந்து கதைக்கினம், இவர் சவர்க்கார நுரையைப் பூசிக்கொண்டு கேக்கிறார். ஒருத்தரும் அவரை ஊமை எண்டு சொல்லேல்லை.

சில்வெஸ்டர்: எனக்கு ஒவ்வொரு இடத்திலையும் வசனம் வந்து வாயிலை நிண்டுது. சாகக் கிடக்கிற அந்த வருத்தக்காரன், வருசப்பிறப்புக்குத் தலைமயிர் வெட்ட வருவன்தானே எண்டு கேக்கிற இடம்... இவர் ஓம் எண்டு தலையை ஆட்டினாரே, கண்டனீரோ?

நிற்றா: ஓம். ஆள் வராது எண்டு இவருக்குத் தெரியும். பொய்.

சில்வெஸ்டர்: பொய். ஆனால் மூக்காலை மூச்சு இல்லை. கழுத்திலை கட்டியிருந்த அந்தச் சால்வை அசைஞ்சுது. இப்ப மூச்சு கழுத்து ஓட்டையாலைதானே போய் வருது... அதாலையும் நடிக்கிறான் மனிசன்.

நிற்றா: அங்கை பாருங்கோ, முன்னுக்கு வந்திட்டார். நீலச் சால்வை. என்ன உயரம் குறைவாய்க் கிடக்கு.

சில்வெஸ்டர்: தோணியிலை நிக்கேக்கை உயரமாய்த் தெரியும். வாரும், போவம். பிள்ளை எவ்லினை அம்பிகா அக்காவிட்டை விட்டது, அவவும் எவ்வளவு நேரம் பாக்கிறது.

நிற்றா: அம்பிகா அக்கா பாப்பா. கொஞ்சம் நில்லுங்கோ. நான் படம் தொடங்கமுந்தி அந்த மொழிபெயர்ப்புப் பிள்ளையோடை கதைச்சனான்.

சில்வெஸ்டர்: என்னத்தைக் கதைச்சனீர்?

நிற்றா: வேறையென்ன. இவர்தான் தமிழிலை பேசினவர் எண்டு.

சில்வெஸ்டர்: உமக்கு விசரே? வேண்டாமெண்டு றெயிலிலை சொன்னனான்தானே.

நிற்றா: நீங்கள் வேண்டாமெண்டது நீங்கள் சொல்லுறதை. நான் சொன்னதை இல்லை. பாருங்கோ, அந்தப் பிள்ளை அவரின்ரை காதிலை சொல்லுது... தேடுறார். உங்களைத்தான். கையைக் காட்டுறார்.

சில்வெஸ்டர்: ஐயோ, நிற்றா.

நிற்றா: கோட்டு வடிவாய்க் கிடக்கு. போங்கோ. சனம் வழி விடுது, போங்கோ.

*

நிற்றா: யன்னலோரம் இருங்கோ. வெயில் படட்டும்.

சில்வெஸ்டர்: அவரின்ரை உதட்டைக் கண்டனீரோ?

நிற்றா: பின்னாலைதானே நிண்டனான்.

சில்வெஸ்டர்: ஏதாவது பேசிக் காட்டச் சொல்லிக் கேட்டார். எனக்கு வேறையொண்டும் வரேல்லை. 'நில்லு பிள்ளை, வாறன்' எண்டன், இந்தக் கிழிஞ்ச தொண்டையாலை. உடனை அவரின்ரை உதடு ஜப்பான்லை அசையுது. சரியாய் என்ரை நேரத்துக்கு. நான் வாறன் எண்டு இழுக்க அவரும் இழுக்கிறார். அந்த நாளிலை நான் அவரின்ரை வாய்க்குப் பின்னாலை ஓடினனான். இண்டைக்கு அந்தாள் என்ரை குரலுக்குப் பின்னாலை வருது.

நிற்றா: திருப்பியும் திருப்பியும் சொல்லச் சொன்னார். பக்கத்திலை நிண்ட ஜேர்மன்காரி அழுதிட்டா.

சில்வெஸ்டர்: நான் கேட்டும் போட்டன். நீங்கள் வேறை குரல் வேண்டாமெண்டவர்தானே, என்னிலை கோவம் இல்லையோ எண்டு.

நிற்றா: அது எனக்குக் கேக்கேல்லை. என்ன சொன்னவர்?

சில்வெஸ்டர்: அவர் வாயை அசைக்க அந்தப் பிள்ளை பாத்துச் சொல்லுது. 'அப்ப எனக்குக் குரல் இருந்தது. அது வந்து சேர ஏலாத ஊருக்கு நீ கொண்டு போனாய். கொம்பனி கேட்டது வேறை. போனதைப் போகேல்லை எண்டு காட்டச் சொன்னது. அதுதான் மாட்டன் எண்டனான்.'

நிற்றா: நல்ல மனிசன்.

சில்வெஸ்டர்: நல்ல மனிசன்.

நிற்றா: அதுக்குப் பிறகு நீங்கள் என்னவோ காட்டினீங்கள்.

சில்வெஸ்டர்: எப்ப?

நிற்றா: கடைசியா. என்னைத் திரும்பிப் பாத்திட்டு, விரலை உங்கடை கழுத்திலை வைச்சு. அவர் சிரிப்பை விட்டிட்டு உங்கடை ரெண்டு தோளையும் பிடிச்சார்.

சில்வெஸ்டர்: அது... தொண்டை நோகுது எண்டு சொன்னனான்.

நிற்றா: மூக்காலை மூச்சு எடுத்தீங்கள்.

சில்வெஸ்டர்: நிற்றா...

நிற்றா: அந்தத் தோணிக்காரரிட்டைப் பழகினது. பொய் வரமுந்தி மூச்சு வரும். இவ்வளவு வருசமும் அதை வைச்சுத்தான் உங்களைப் பிடிக்கிறன். போகேக்கை றெயிலிலையும் எடுத்தீங்கள், பழையபடி எண்டு சொல்லமுந்தி.

சில்வெஸ்டர்: ...கட்டி இல்லை. அவருக்கு எடுத்ததைத்தான் எனக்கும் எடுக்கப் போறாங்கள். நாளைக்கு.

நிற்றா: தெரியும்.

சில்வெஸ்டர்: என்ன தெரியும்?

நிற்றா: போன கிழமை நீங்கள் வேலைக்குப் போனாப் பிறகு ரெலிபோன் அடிச்சுது. எடுத்தால் மெஷின் கதைக்கிற மாதிரி ஒரு குரல். ஆரோ பகிடி விடுறாங்கள் எண்டு வைச்சிட்டன். திருப்பி எடுத்தார். ஆஸ்பத்திரி நம்பர் குடுத்த ஒரு ஜேர்மன் கிழவர். உங்கடை மனிசனுக்குச் செய்யப்போற ஒப்பரேசன்தான் எனக்கும் செய்தது, கழுத்திலை ஒரு கருவியை வைச்சுக் கதைக்கிறன், திங்கட்கிழமை வந்து அவரைப் பாக்கிறன் எண்டார். நான் ரெலிபோனைப் பிடிச்சுக்கொண்டு நிலத்திலை இருந்திட்டன்.

சில்வெஸ்டர்: ஏன் என்னட்டைக் கேக்கேல்லை?

நிற்றா: நீங்கள் ஏன் சொல்லேல்லை? இண்டைக்கு முதல் முதல் கண்ட மனிசனுக்கு விரலாலை சொன்னீங்கள். எனக்குச் சொல்லேல்லை. அது எனக்குச் சரியான நோ. ரெலிபோன் வந்த அடுத்த நாள் வழமை போலை அந்தத் தியேட்டரைக் கூட்டிற வேலைக்குப் போனன். இவரின்ரை படம் ஒட்டியிருந்தது, கீழை ஒப்பரேசன் கதையும். அதைப் பாத்துத்தான் இண்டைக்குக் கூட்டிக்கொண்டு வந்தனான். டிக்கெட் வேலையிடத்திலை சும்மா குடுத்ததெண்டு சொன்னது பொய். வாங்கினது. குரல் போனாலும் ஒரு ஆள் எழும்பி நிக்கும் எண்டதை நான் சொன்னால் கேக்க மாட்டீங்கள். அவர் சொன்னால் கேப்பீங்கள்.

சில்வெஸ்டர்: எவ்லினுக்கு ஆர் கதை சொல்லுறது? புலிக்கு ஒரு குரல், முயலுக்கு ஒரு குரல் எண்டு கேக்கும்.

நிற்றா: நீங்கள் முகத்தாலை காட்டுங்கோ. நான் பக்கத்திலை இருந்து குரல் போடுறன்.

சில்வெஸ்டர்: உமக்கு வாய் அசைவோடை நேரம் பிழைக்கும்.

நிற்றா: பிழைச்சால் என்ன. புலி கொஞ்சம் மன்னார்த் தமிழ் கதைக்கும்.

சில்வெஸ்டர்: சிரிப்புக் காட்டாதையும்... உமக்கு நான் எப்பிடிச் சொல்லுறது, நிற்றா? நீர் விரும்பி வந்தது இந்தக் குரலுக்காக. அதை வெட்டி எறிஞ்சு போட்டு வீட்டை வந்து உமக்கு முன்னாலை நிக்கிறதோ? அதுக்குத்தான் பயந்தனான். சாவுக்கு இல்லை.

நிற்றா: நான் அந்தத் தொடர் ஒரு நாளும் பாக்கேல்லை.

சில்வெஸ்டர்: என்ன?

நிற்றா: ஒரு பாகமும் பாக்கேல்லை. மன்னாரிலை எங்கடை வீட்டிலை கரண்டே இல்லை, எங்காலை ரெலிவிசன்? அந்த மனிசனை இண்டைக்குத்தான் முதல் முதல் பாக்கிறன்.

சில்வெஸ்டர்: அப்ப... தோணி கவிழ்ந்து மகள் செத்தது?

நிற்றா: நானாய்ப் போட்டது.

சில்வெஸ்டர்: ஹைமிலை வந்து, நீங்கள்தானே அந்தக் குரல் எண்டு கேட்டது?

நிற்றா: ஹைமிலை இருந்த அம்பிகா அக்கா சொல்லித் தந்தவ. அந்தாள் ஒருத்தரோடையும் கதைக்காது, இதைக் கேட்டால்தான் வாய் திறக்கும் எண்டு.

சில்வெஸ்டர்: பிறகு ஏன் என்னைக் கட்டினனீர்?

நிற்றா: பொதுக் குசினியிலை எல்லாரும் சமைச்சுச் சாப்பிட்டிட்டு அப்பிடியே போட்டிட்டுப் போற சட்டியளை, ஆரின்ரை சட்டி எண்டும் கேக்காமல் ஒவ்வொண்டாய்க் கழுவிக் கவிட்டு வைச்சிட்டு, ஒரு சத்தமும் இல்லாமல் உங்கடை அறைக்குப் போவீங்கள். என்ரை சட்டியும் அதுக்குள்ளை கிடந்தது. கன நாள் கதவோரம் நிண்டு பாத்துக்கொண்டு இருந்தனான்... உங்கடை குரலைக் கேக்கமுந்தியே நான் முடிவெடுத்திட்டன்.